தவிட்டுக்கு வந்த பெயர்

திருகோணமலைக் கச்சேரிக்கு, அதாவது மாவட்டச் செயலகத்துக்கு, போகும் வழியில் ஒரு சின்னக் கடை வைத்திருக்கிறேன். போட்டோ கொப்பி, லமினேட், படிவம் நிரப்புதல். இதில் சோறு போடுவது படிவம்தான். காலை எட்டரைக்குக் கதவைத் திறந்தால் பின்னேரம் நாலு மணி வரை ஊரார் பெயர்களை எழுதிக்கொண்டிருப்பேன். எனக்குக் கோபம் கொஞ்சம் கூடுதல். படிவத்தைக் கசக்கிக் கொண்டு வருகிறவர்களுக்கும், பிறந்த திகதியைக் கேட்டால் "மழைக்காலம் தம்பி" என்கிறவர்களுக்கும் அது தெரியும். ஆனாலும் திரும்ப என்னிடமே வருகிறார்கள். எழுத்து வடிவாக இருக்கிறதாம்.

நாள் முழுக்கப் பெயர் எழுதுகிற நான் இங்கே ஒருவர் பெயரையும் சொல்லப்போவதில்லை. மற்றவர்கள் பெயரைச் சொல்ல எனக்கு உரிமை இல்லை. என்னுடையதைச் சொல்லாததற்குக் காரணம், எனக்கு இரண்டு இருக்கின்றன, ஒன்றைச் சொன்னால் மற்றதைப் பற்றிக் கேட்பீர்கள்.

கடவுச்சீட்டுப் படிவத்தில் குடும்பப் பெயர் என்று ஒரு கட்டம் உண்டு. அந்தக் கட்டத்துக்கு வந்ததும் எங்கள் சனம் அப்படியே நின்றுவிடும். எங்களுக்குக் குடும்பப் பெயர் என்று ஒன்று ஏது? தகப்பன் பெயர் முன்னால் நிற்கும், பிள்ளை பெயர் பின்னால் நிற்கும், அடுத்த தலைமுறையில் பிள்ளையின் பெயர் முன்னுக்கு வரும், தகப்பன் பெயர் கழன்றுவிடும். கட்டம் சும்மா இருக்க விடாது என்பதால் அதில் அப்பாவின் பெயரைப் போட்டுவிடுவோம். லண்டனில் வேலை செய்கிற ஒருவர் போன வருடம் கடைக்கு வந்தபோது சொன்னார். அங்கே வேலை செய்கிற கந்தோரில் எல்லோரும் அவரை அவருடைய அப்பாவின் பெயரைச் சொல்லித்தான் கூப்பிடுகிறார்களாம். அப்பா இறந்து பல வருடம். "முதல் நாள் கூப்பிட்டவுடன அப்பா பின்னால நிக்கிறார் எண்டு திரும்பிப் பார்த்தனான்" என்றார். சிரித்துக்கொண்டுதான் சொன்னார்.

இன்னொரு நாள் வெருகல் பக்கத்திலிருந்து ஒரு மீன்பிடிக் குடும்பம் வந்தது. தாய்க்கு அறுபதைத் தாண்டியிருக்கும். அவருக்குப் பிறப்புப் பத்திரம் இல்லை, ஒன்று எடுக்க வேண்டும். அம்மாவின் பெயர் என்ன என்று மகனைக் கேட்டேன். மகன் தாயைப் பார்த்தார். ஊர் முழுக்க அந்த மனுசியை மூத்த பிள்ளையின் பெயரோடு 'அம்மா' என்று சேர்த்துத்தான் கூப்பிடும். பெற்றவர்கள் வைத்த பெயரைச் சொல்ல அவருக்கே வெட்கமாக இருந்தது. "அது சின்னனில கூப்பிட்டது" என்று முந்தானையைத் திருகினார். பிறகு மேசைக்குக் கிட்ட வந்து, மகனுக்குக் கேட்காமல் எனக்குச் சொன்னார். எழுதி உரக்க வாசித்துக் காட்டினேன். முந்தானையை விட்டுவிட்டு, "ஓம், அவதான்" என்றார்.

அன்றைக்கு எனக்கு வேலை ஓடவில்லை. எனக்கும் சின்ன வயதில் கூப்பிட்ட பெயர் ஒன்று இருந்தது. அதை நிறுத்தியவன் நானே.

நான் பிறந்தது கொட்டியாரக் குடாவுக்கு அந்தப் பக்கம், கட்டைபறிச்சானில். எனக்கு முன்னால் அம்மா இரண்டு பிள்ளைகளைப் பெற்று, இரண்டையும் ஒரு வயது முடிவதற்குள் பறிகொடுத்திருந்தார். அப்படியான வீட்டில் அடுத்த பிள்ளை பிறந்தால் அதைத் தவிட்டுக்கு விற்றுவிடுகிற வழக்கம் அப்போது இருந்தது. வெளியாள் ஒருவர் ஒரு சுளகு தவிட்டைக் கொடுத்துப் பிள்ளையை வாங்குவார். வாங்கியவர்தான் பெயர் வைப்பார். பிறகு, "இது என்ட பிள்ளை, வளர்த்துத் தா" என்று பெற்றவர்களிடமே திருப்பிக் கொடுப்பார். அந்த வீட்டுப் பிள்ளையைத் தேடி வருகிற சாவு, இது வேறு வீட்டுப் பிள்ளை என்று பார்த்துவிட்டுத் திரும்பிப் போய்விடுமாம். சாவு அவ்வளவு லேசில் ஏமாறும் என்று நம்பியிருக்கிறார்கள். நினைத்தால் முதலில் சிரிப்பு வரும், பிறகு நெஞ்சு கனத்துவிடும். வேறு என்னதான் செய்திருப்பார்கள்?

என்னை வாங்கியவர் மூதூர்க்காரர், முஸ்லிம் பெண். அவருடைய கணவர் அங்கே ஒரு சின்ன நெல் ஆலை வைத்திருந்தார். எங்கள் ஊர் நெல்லெல்லாம் அங்கேதான் போகும். அப்பா மூட்டையோடு போகும்போது அம்மாவும் சில நாள் கூடப் போய், அரிசி வரும் வரை அந்த வீட்டு விறாந்தையில் இருந்து கதைத்துக்கொண்டிருப்பார். ஒருவருக்குப் பிள்ளை தங்கவில்லை, மற்றவருக்குக் கலியாணம் முடித்து நாலு வருடமாகியும் பிள்ளையே இல்லை. கதைப்பதற்கு அவர்களுக்கு நிறைய இருந்திருக்கும். நான் பிறந்த பதினைந்தாம் நாள் அவர் ஆலையில் இருந்து ஒரு பை தவிட்டோடு வந்து என்னை வாங்கினார், பெயர் வைத்தார், கொடுத்துவிட்டுப் போனார். நான் பேசத் தொடங்கியதும் அவரை மூதூர் உம்மா என்று கூப்பிடப் பழக்கினார்கள். பிறகு மூதூர் விழுந்துபோய், உம்மா மட்டும் நின்றது.

அவர் வைத்தது ஒரு முஸ்லிம் பெயர். அப்பா சாத்திரியாரிடம் நட்சத்திரத்துக்கு உரிய எழுத்துக் கேட்டு இன்னொரு பெயரைப் பதிந்தார். அது பள்ளிக்கூட இடாப்புக்கு, பிறகு அடையாள அட்டைக்கு. வீட்டில், வயலில், கடற்கரையில் எல்லோருக்கும் நான் உம்மா வைத்த பெயர்க்காரன். இப்படி ஏன் ஒரு பெயர் என்று ஒரு தடவை அம்மாவைக் கேட்டேன். "பொருந்தாத பேரா இருக்க வேணுமாம். அப்பதான் சாவுக்குப் பிடிபடாது" என்றார். சில இடங்களில் அப்படிப் பிள்ளைகளுக்கு வேண்டாத சாமான்களின் பெயரையெல்லாம் வைப்பார்கள். என்னுடையதும் அந்த வகை என்று நான் எடுத்துக்கொண்டேன். ஒரு ஏமாற்றுப் பெயர், தவிட்டைக் கொட்டும்போது உம்மாவின் வாயில் வந்த ஏதோ ஒன்று. அதில் எனக்குக் குறையும் இல்லை. பெருநாளுக்குப் புதுச் சட்டையும் வட்டிலப்பமும் அந்தப் பெயருக்குத்தான் வந்தன.

சண்டைக் காலத்தில் இரண்டு பெயர் வைத்திருப்பது சின்ன விஷயம் இல்லை. இயக்கத்துக்குப் போனவர்களுக்கு வீட்டுப் பெயர் ஒன்று, இயக்கப் பெயர் ஒன்று. ஆகவே சோதனைச் சாவடியில் அடையாள அட்டையை வாங்கியதும் கேட்பது, "வேற பேர் இருக்கா?" இல்லை என்று சொல்ல நான் நன்றாகப் பழகியிருந்தேன்.

எனக்கு இருபத்தொரு வயது. மூதூரிலிருந்து லோஞ்ச் படகில் வந்து திருகோணமலை இறங்குதுறையில் வரிசையில் நிற்கிறேன். கணினி வகுப்புக்குப் போகிறேன். அதே லோஞ்சில் உம்மாவும் வந்திருந்தார், ஆஸ்பத்திரியில் கண் காட்டுவதற்கு. பெண்கள் வரிசை வேறு. என் அட்டை சிப்பாயின் கையில் இருக்கிறது. வேறு பெயர் இல்லை என்று அப்போதுதான் சொல்லி முடித்தேன். அந்த நேரம் உம்மா மற்ற வரிசையிலிருந்து, நாலு வருடம் காத்திருந்து வாங்கிய பிள்ளையைக் கூப்பிடுகிற முழுச் சத்தத்தில், என் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டார். "என்ட பையையும் ஒருக்காத் தூக்கிட்டுப் போ மகன்!"

நான் திரும்பிப் பார்த்துவிட்டேன். திரும்பாமல் இருந்திருக்கலாம். பிறந்ததிலிருந்து பழகிய கழுத்து, என்னைக் கேட்காமலே திரும்பிவிட்டது. சிப்பாய் அட்டையைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், உம்மாவைப் பார்த்தார்.

அடிக்கவில்லை. அதைச் சொல்லத்தான் வேண்டும். ஆனால் அன்று காலையிலிருந்து அடுத்த நாள் மத்தியானம் வரை ஒரு மர வாங்கில் இருத்தி அதையே கேட்டார்கள். அந்தப் பெயர் ஆர் வைத்தது, எப்போது வைத்தது, எதற்காக வைத்தது. தவிட்டுக் கதையை நான் எந்தப் பாஷையில் சொல்வது? தமிழில் சொன்னாலே நம்ப ஏலாத கதை. உம்மா வீட்டுக்குப் போகாமல் வாசலில் வெறும் நிலத்தில் இருந்துகொண்டு, தனக்குத் தெரிந்த அரைகுறைச் சிங்களத்தில் போகிற வருகிற எல்லோருக்கும் நான் தன் மகன் என்று சொல்லியிருக்கிறார். மொழிபெயர்க்க வந்தவர் என்னிடம் கேட்டார்: "அந்த மனுசி நீ தன்ட மகன் எண்டு சொல்லுது. அட்டையில வேற அம்மா, வேற அப்பா. ரெண்டு பேரில ஆர் பொய்?"

கடைசியில் அப்பா ஊர் கிராம சேவகரையும் என் பிறப்புப் பத்திரத்தையும் கொண்டு வந்து சேர்ந்தார். என்னை விட்டார்கள். வெளியே வந்தேன். உம்மா எழும்பி ஓடி வந்தார். ஒரு நாள் முழுக்க வெயிலில் இருந்த முகம். என் பெயரைச் சொல்லிக்கொண்டு கன்னத்தைத் தொட வந்தார். நான் கையைத் தட்டிவிட்டேன்.

"இனி அந்தப் பேரைச் சொல்லிக் கூப்பிடாதேங்கோ" என்றேன். "சாகாமல் இருக்க எண்டு வைச்சியள். நேற்று அதாலதான் சாகப் பார்த்தன். என்னை எங்க கண்டாலும் கூப்பிட வேண்டாம்."

அப்பா என் தோளைப் பிடித்து உலுக்கினார். உம்மா தலைச்சீலையைச் சரிசெய்துகொண்டு, "சரி மகன்" என்றார்.

அதற்குப் பிறகு அவர் எங்கள் வீட்டுக்கு வரவில்லை. பெருநாளுக்குச் சாமான் வரும், ஆரிடமாவது கொடுத்தனுப்புவார். அம்மாவுக்கும் நான் கட்டளை போட்டேன். வீட்டுக்குள்ளேயும் அந்தப் பெயர் வேண்டாம். அம்மாவுக்குப் பதிவுப் பெயர் வாயில் வராது, இருபத்தொரு வருடம் கூப்பிடாத பெயர் எப்படி வரும்? ஆகவே என்னைத் தம்பி என்று கூப்பிடத் தொடங்கினார். ஊரில் உள்ள எல்லாப் பிள்ளைகளையும் கூப்பிடுகிறதுபோல. சாகும் வரை நான் அவருக்கு வெறும் தம்பிதான். அதை நினைத்தால் இப்போதும் என் மேல் எனக்கு ஆத்திரம் வரும்.

சண்டை முடிந்தது. அப்பா போனார், அம்மா போனார். நான் பட்டினத்துக்கு வந்தேன், கடை போட்டேன், லிங்கநகரில் ஒரு ரீச்சரைக் கலியாணம் முடித்தேன். அழைப்பிதழ் மூதூருக்கும் போனது. உம்மா, எனக்குப் பிறகு தனக்குப் பிறந்த மகனிடம் ஒரு சேலையைக் கொடுத்துவிட்டார். தான் வரவில்லை. மண்டபத்தில் எல்லோர் முன்னாலும் வாய் தவறி அந்தப் பெயரைச் சொல்லிவிடுவோமோ என்று உம்மாவுக்குப் பயம் என்று மகன் சொன்னான். நான் அதைக் கேட்காதவன்போல நின்றேன்.

மனைவிக்கு முதல் பிள்ளை ஏழாம் மாதத்தில் தவறியது. இரண்டாவது மூன்று நாள் இருந்தது. பெயர் வைக்கவில்லை. காலில் கட்டியிருந்த அட்டைத் துண்டில் என் மனைவியின் பெயரை எழுதி, அவருடைய குழந்தை என்று போட்டிருந்தார்கள். ஆயிரம் பேருக்குப் படிவம் நிரப்பியவன் அந்தப் பிள்ளைக்கு ஒரு படிவம்தான் நிரப்பினேன். அதிலும் பெயர் கட்டத்தில் ஒரு கோடு.

மூன்றாவது, இந்த வருடம் பிறந்தது. ஆண் பிள்ளை. எடை போதாது என்று பன்னிரண்டு நாள் ஆஸ்பத்திரியில் வைத்திருந்தார்கள். வீட்டுக்கு வந்த பிறகும் மனைவி பிள்ளைக்குப் பெயர் பார்க்க விடவில்லை. என்னிடம் நாலு பெயர் தயாராக இருந்தது, எல்லாம் படிவத்துக்கு வசதியான சின்னப் பெயர்கள். ஒன்றைக்கூட வாயால் சொல்ல விடவில்லை.

"உங்களை வாங்கின உம்மாவைக் கூட்டிக்கொண்டு வாங்கோ" என்றார். "அவ வாங்கட்டும். அவ பேர் வைக்கட்டும்."

"நீர் படிச்ச ஆள். பள்ளிக்கூடத்தில விஞ்ஞானம் படிப்பிக்கிறீர். தவிட்டை நம்புறீரோ?"

"நான் தவிட்டை நம்பயில்லை" என்றார். "நீங்கள் உயிரோட இருக்கிறியள்தானே. எனக்கு அது மட்டும் காணும்."

பிள்ளை தொட்டிலில் மூச்சு விடுகிறதா என்று இருவரும் மாறி மாறிப் பார்க்கிற நாட்கள் அவை. மனைவி கேட்டது நிறைவேறாவிட்டால் அவர் அந்தப் பயத்திலேயே கரைந்துபோவார் என்று எனக்குத் தெரிந்தது. நான் போகத் தயங்கியதற்கு விஞ்ஞானம் காரணமே இல்லை. பதினேழு, பதினெட்டு வருடமாக அந்த மனுசியின் முகத்தைப் பார்க்கவில்லை. எப்படிப் போய் நிற்பது?

ஒரு ஞாயிற்றுக்கிழமை மோட்டார் சைக்கிளில் போனேன். முன்பென்றால் லோஞ்ச், இப்போது கிண்ணியாப் பாலத்தால் போய் ஒரு மணித்தியாலத்தில் மூதூர். ஆலை அதே இடத்தில், கொஞ்சம் பெரிதாகியிருந்தது. உம்மாவின் மகன் வெளியே வந்தான். என்னைவிட மூன்று வயது இளையவன். நான் வாங்கப்பட்டு மூன்று வருடத்துக்குப் பிறகு அவர் வயிற்றில் பிறந்தவன். "நானா!" என்று இரண்டு கையாலும் என் கையைப் பிடித்தான். நானா என்றால் அவர்களில் அண்ணன். பெயர் சொல்லவில்லை. உம்மா பக்கத்து வீட்டுக்குப் போயிருக்கிறார், இப்போது வருவார் என்று கதிரையைத் துடைத்துப் போட்டான்.

தேத்தண்ணி வந்தது. நான் வந்த விஷயத்தைச் சொன்னேன்.

"பள்ளிவாசல்ல இப்ப இதெல்லாம் கூடாது எண்டு சொல்லுறாங்க நானா" என்றான். "ஆனா உம்மா வருவா. உங்களுக்கு எண்டா வருவா. ஒண்டு கேக்கட்டா? உங்களுக்கு வெச்ச பேர் ஆர்ட பேர் எண்டு தெரியுமா?"

"ஆர்ட பேருமில்லை. பொருந்தாத பேர் ஒண்டு வைக்கிறது வழக்கம்."

அவன் என்னை ஒரு மாதிரிப் பார்த்தான். "பொருந்தாத பேரா? அது எங்கட உம்மாட வாப்பாட பேர்."

நான் கோப்பையைக் கீழே வைத்தேன். அவன் சொல்லிக்கொண்டே போனான். உம்மாவைப் பெற்ற வாப்பா, நான் பிறப்பதற்கு முந்தின வருடம் இறந்துவிட்டார். உம்மாவைத் தோளில் வைத்து வளர்த்த மனிதர். முதல் ஆண் பிள்ளைக்கு அவர் பெயரைத்தான் வைப்பேன் என்று உம்மா எல்லோரிடமும் சொல்லி வைத்திருந்தாராம். பிள்ளை வரவில்லை. என்னைத் தவிட்டுக்கு வாங்க வந்த அன்று, பெயர் என்னவென்று அம்மா கேட்டதும், தன்னிடம் இருந்த அந்த ஒரே பெயரை எடுத்து வைத்துவிட்டார். உம்மாவின் சகோதரர்கள் ஒரு வருடம் அவரோடு கதைக்கவில்லை. வாப்பாவின் பெயரை அடுத்த ஊர்த் தமிழ்ப் பிள்ளைக்குக் கொடுத்துவிட்டாள் என்று.

"நான் பிறந்த நேரம் மாமாமார் வந்திருக்காங்க" என்றான். "இப்ப சொந்தப் புள்ள கிடைச்சிருக்கு, வாப்பாட பேர இவனுக்கு வெய் எண்டு கேட்டிருக்காங்க. உம்மா ஏலாது எண்டுட்டாவாம். அந்தப் பேர்ல எனக்கு மூத்த மகன் ஒருத்தன் இரிக்கான், ஒரு ஊட்டுல ரெண்டு புள்ளைக்கு ஒரே பேர் வெக்கிறதா எண்டு. எனக்கு வேற பேர் வெச்சா. சின்னதில நான் அதுக்கு அழுதிருக்கன் நானா. உங்கள்ல சரியான எரிச்சல்."

சிரித்தான். என்னால் சிரிக்க முடியவில்லை. சாவை ஏமாற்றுகிற பொய்ப் பெயர் என்று நான் இத்தனை வருடம் நினைத்திருந்தது, அந்த மனுசியிடம் இருந்த ஆகப் பெரிய பெயர். அதைத்தான் இறங்குதுறை வாசலில், வெயிலில் காய்ந்து நின்றவரின் முகத்துக்கு நேரே தூக்கி எறிந்தேன். பள்ளிக்கூடத்தில் படித்தவன், படிவம் நிரப்புகிறவன், பெயர் எங்கிருந்து வந்தது என்று ஒருநாளும் அவரிடம் கேட்கவில்லையே.

உம்மா வந்தார். முழங்கால் வருத்தம், சுவரைப் பிடித்துப் பிடித்து வந்தார். என்னைக் கண்டதும் வாய் திறந்தது, பிறகு மூடிக்கொண்டது. "வாங்க மகன். இருங்க" என்றார். முன்பு என்னை நீ என்றுதான் சொல்லுவார். நான் எழும்பிப் போய் அவர் கையைப் பிடித்தேன். மன்னிப்புக் கேட்பதற்கு யோசித்து வைத்திருந்த வசனமெல்லாம் எங்கேயோ போய்விட்டது. பிள்ளை பிறந்திருக்கிறது, வாங்க வாருங்கள் என்றுதான் சொன்னேன்.

"முந்தினதுகள் ரெண்டும் போனது எனக்குத் தெரியும்" என்றார். "ரெண்டுக்கும் நான் துஆக் கேட்டன். வாறன் மகன். நான் அல்லாட்டக் கேக்கிறன், நீங்க உங்கட சாமிட்டக் கேளுங்க. தவிட்டைக் கோழி தின்னட்டும்." பிறகு மனைவியின் தொலைபேசி இலக்கத்தை எழுதித் தரச் சொன்னார். பெண்களுக்குள் கதைக்க ஏதாவது இருக்கும் என்று நான் எழுதிக் கொடுத்தேன்.

சனிக்கிழமை காலை மகன் அவரை ஓட்டோவில் கூட்டிக்கொண்டு லிங்கநகருக்கு வந்தான். மடியில் ஒரு பை தவிடு. மனைவி குசினியிலிருந்து சுளகைக் கொண்டுவந்து முன் அறையில் வைத்தார். உம்மா தவிட்டை அதில் கொட்டினார், கொஞ்சமும் நிலத்தில் சிந்தவில்லை. மனைவி தவிட்டை வாங்கிக்கொண்டு பிள்ளையைக் கொடுத்தார். உம்மா பிள்ளையை மடியில் கிடத்தி, கால் விரலை ஒவ்வொன்றாகத் தொட்டுப் பார்த்தார். அது தன் பாட்டில் கொட்டாவி விட்டது.

இதுதான் நேரம் என்று நான் முன்னால் வந்தேன். ஒரு கிழமையாக நான் யோசித்து வைத்திருந்தது இதைத்தான். "உம்மா, எனக்கு வைச்ச பேரையே இவனுக்கு வையுங்கோ."

உம்மா நிமிர்ந்து பார்த்தார். மகன் எல்லாம் சொல்லிவிட்டான் என்று அவருக்கு விளங்கியது. அவனை ஒரு முறை முறைத்தார். பிறகு தலையை ஆட்டினார்.

"அது ஏலாது மகன். அந்தப் பேருக்கு ஆள் இரிக்கு."

"அப்ப உங்கட ஆக்களில வேற ஒருத்தற்ற பேரை வையுங்கோ."

"வேணாம்" என்றார். "இவருக்கு நான் தமிழ்ப் பேர் கொண்டு வந்திருக்கன். எழுத்து என்ன எண்டு உங்கட ஊட்டுக்காரிட்டப் போன்ல கேட்டன். எங்கட பக்கத்துல இரிக்கிற தமிழ் மாஸ்டர்ட்டயும் கேட்டன். நல்ல பேர். அடையாளக் காட்லயும் அதுதான், பள்ளிக்கூடத்துலயும் அதுதான், ஊட்டுலயும் அதுதான். ஒரு பேர் காணும் மகன். ரெண்டு பேர் வெச்சு ஒரு புள்ள பட்ட பாடு காணும். எங்கயாவது வரிசையில நிக்கக்குள்ள ஆராவது கூப்பிட்டா, இவர் பயப்பிடாமத் திரும்பிப் பாக்கோணும்."

அதைக் குற்றமாகச் சொல்லவில்லை. உண்மையாகவே யோசித்து, விசாரித்து, எனக்கு வந்தது என் பிள்ளைக்கு வரக்கூடாது என்று தேடிக்கொண்டு வந்திருந்தார். மனைவி அழத் தொடங்கிவிட்டார். உம்மா குனிந்து பிள்ளையின் காதில் பெயரை மூன்று தரம் சொன்னார். எங்களுக்கும் கேட்கிற சத்தத்தில் சொன்னார். நல்ல பெயர்தான். நான் வைத்திருந்த நாலையும் விட நல்ல பெயர்.

பிறகு பிள்ளையைத் திருப்பிக் கொடுக்க வேண்டும். வளர்க்கப்போகிறவரைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டுக் கொடுப்பதுதான் முறை. உம்மா பிள்ளையை இரண்டு கையிலும் ஏந்தி, என்னைப் பார்த்து, என் பதிவுப் பெயரைச் சொன்னார். அடையாள அட்டையில் இருக்கிறபடி, ஒரு எழுத்தும் பிசகாமல், பாடமாக்கி வந்தவர்போல. அவர் வாயால் அந்தப் பெயரை நான் கேட்டது அதுதான் முதல் தடவை. "என்ட புள்ளைய வளர்த்துத் தாங்க" என்றார்.

நான் கையை நீட்டவில்லை. நாற்பது வயதுக்குக் கிட்ட வந்த மனிதன், மனைவிக்கும் அவருடைய மகனுக்கும் முன்னால் சின்னப் பிள்ளைபோல அழுதேன்.

"அப்பிடிக் கூப்பிடாதேங்கோ உம்மா" என்றேன். "நீங்கள் வைச்ச பேரைச் சொல்லிக் கூப்பிடுங்கோ."

உம்மா பிள்ளையை மார்போடு சேர்த்துக்கொண்டு, திறந்திருந்த கதவால் வெளியே பார்த்தார். வளவுப் படலையைப் பார்த்தார். அதற்கு அப்பால் ரோட்டில் இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் ஆராவது நிற்கிறார்களா என்று பார்த்தார். ரோட்டில் ஒருவரும் இல்லை. பிறகுதான் என் பக்கம் குனிந்து, குரலை நன்றாகத் தாழ்த்தி, எனக்கு மட்டும் கேட்கும்படி சொன்னார்.

"ஓம் உம்மா" என்று பிள்ளையை வாங்கினேன்.